தற்காலிக உபாத்தியாயர்களும் அவர்களது உரிமையும்

நம் நாட்டில் உபாத்தியாயரைப் புகழ்வதில் ஒரு குறைவும் இல்லை. மாதா, பிதாவுக்கு அடுத்தபடியும் தெய்வத்துக்கு முன்படியுமாக அவரை உட்கார வைத்திருக்கிறார்கள். மும்மூர்த்திகளும் அவரே என்று சொல்லும் ஒரு சமஸ்கிருத சுலோகம் பல விழாக்களில் பாடப்படுகிறது. வருஷத்தில் ஒரு நாள், அதாவது செப்டம்பர் 5ஆம் தேதி, அவருக்கு மாலை, பொன்னாடை, நற்சாட்சிப் பத்திரம் எல்லாம் உண்டு. மறுநாள் காலையில் மளிகைக் கடைப் பாக்கிக்கு அவர் என்ன செய்கிறார் என்று கேட்பார் மாத்திரம் இல்லை. மும்மூர்த்திகளுக்குப் பசி கிடையாது என்பதால் அவர்களுடைய அவதாரமாகிய வாத்தியாருக்கும் பசி இருக்காது என்று நினைத்துக் கொண்டார்கள் போலும்!

இதை நாம் சொன்னால் நாஸ்திகர்களின் குதர்க்கம் என்று சிலர் தள்ளிவிடக் கூடும். ஆனால் 2025ஆம் வருஷம் ஆகஸ்டு மாதம் 22ஆம் தேதி சுப்ரீம் கோர்ட்டே இதைச் சொல்லிவிட்டது. குஜராத் சர்க்காரின் என்ஜினியரிங் காலேஜுகளில் ஒப்பந்தத்தின் பேரில் வேலை பார்த்துவந்த உதவிப் பேராசிரியர்கள் தொடுத்த வழக்கு அது. ஒரே காலேஜ், ஒரே பாடம், ஒரே பரீட்சை. ஆனால் நிரந்தர உத்தியோகஸ்தருக்கு மாதம் ஏறக்குறைய 1,36,000 ரூபாய். ஒப்பந்தக்காரருக்கு 30,000 ரூபாய். பொதுக்கூட்டங்களில் அந்தச் சுலோகத்தை ஓதிக் கொண்டிருந்தால் மட்டும் போதாது, அதில் உண்மையான நம்பிக்கை இருக்குமானால் நாடு தன் ஆசிரியர்களை நடத்துகிற மாதிரியில் அது தெரிய வேண்டும் என்னும் கருத்துப்பட நீதிபதிகள் எழுதினார்கள். எழுதியதோடு நில்லாமல், உதவிப் பேராசிரியர் ஸ்கேலின் ஆரம்பச் சம்பளத்தைக் கொடுக்க வேண்டும் என்றும், வழக்குப் போட்ட தேதிக்கு மூன்று வருஷம் முன்னால் இருந்து பாக்கியைக் கணக்கிட்டு நூற்றுக்கு 8 வட்டியுடன் செலுத்த வேண்டும் என்றும் உத்தரவிட்டார்கள். சுலோகத்துக்கு வட்டி கணக்குப் போட்ட தீர்ப்பு நமக்குத் தெரிந்தவரையில் இது ஒன்றுதான்.

நிற்க, தற்காலிக உபாத்தியாயர் என்றால் யார் என்பதைப் பற்றிச் சிறிது சொல்ல வேண்டியிருக்கிறது. ஏனென்றால் அவருக்குச் சர்க்கார் வைத்திருக்கும் பெயர்களைக் கேட்டால், அவர் ஏதோ பெரிய பதவியில் இருக்கிறார் என்று கிராமத்தில் நினைத்துக் கொள்ளுவார்கள். காலேஜில் அவருக்குக் ‘கௌரவ விரிவுரையாளர்’ என்று பெயர். அவர் வாங்கும் கூலிக்கு ‘மதிப்பூதியம்’ என்று பெயர். பள்ளிக்கூடத்திலானால் ‘தொகுப்பூதியம்’, ‘பகுதி நேரம்’ என்று பெயர். ஐக்கிய மாகாணம் என்று முன்பு சொல்லப்பட்ட உத்தரப் பிரதேசத்திலோ ‘சிக்ஷா மித்ரர்’, அதாவது கல்வியின் சிநேகிதர் என்று பெயர். சம்பளம் எவ்வளவுக்கெவ்வளவு குறைகிறதோ அவ்வளவுக்கவ்வளவு பெயரில் மரியாதை கூடிக்கொண்டே போகும் அதிசயத்தை இங்கே காணலாம். யுனிவர்சிட்டி மானியக் கமிஷன் 2019ஆம் வருஷம் ஜனவரியில், இப்படிப்பட்ட விரிவுரையாளருக்கு ஒரு வகுப்புக்கு 1,500 ரூபாய் வீதம் மாதம் 50,000 ரூபாய் வரையில் கொடுக்கலாம் என்று எழுதிற்று. அதே வருஷத்தில் தமிழ்நாட்டு சர்க்கார் கலைக் காலேஜுகளில் கௌரவ விரிவுரையாளர் வாங்கியது 15,000 ரூபாய். மீதி 35,000 ரூபாய்க்குப் பதிலாகத்தான் கௌரவம் கொடுக்கப்பட்டது என்று கொள்ள வேண்டும்.

பள்ளிக்கூடங்களுக்கு வருவோம். 2012ஆம் வருஷம் தமிழ்நாட்டு சர்க்கார் 16,549 பேரைப் பகுதி நேர ஆசிரியர்களாக எடுத்தார்கள். உடற்பயிற்சி, ஓவியம், தையல், இசை, கம்ப்யூட்டர் முதலிய பாடங்களுக்கு. வாரத்தில் மூன்று அரைநாள் வேலை, மாதம் 5,000 ரூபாய். சட்டத்தில் இதற்கு ஒரு மூலை இருக்கிறது. 2009ஆம் வருஷத்துக் கட்டாயக் கல்விச் சட்டத்தின் அட்டவணையிலேயே, ஆறு முதல் எட்டு வரையுள்ள வகுப்புகளில் 100 பிள்ளைகளுக்கு மேல் இருந்தால் கலைக்கும், உடல் நலத்துக்கும், கைத்தொழிலுக்கும் பகுதி நேரப் போதகர்கள் இருக்க வேண்டும் என்று போட்டிருக்கிறார்கள். அதாவது கணக்கும் இங்கிலீஷும் முழு நேரப் படிப்பாம். பையன் ஓடியாடி உடம்பைத் தேற்றுவதும், பெண் படம் எழுதப் பழகுவதும் அரை நேரப் படிப்பாம். உழைப்பும் கைவேலையும் தாழ்ந்தது, ஏட்டைப் புரட்டுவது உயர்ந்தது என்று நெடுங்காலமாக இந்நாட்டில் ஊறிக் கிடக்கும் புத்தி, சட்டம் எழுதுகிற மேஜை மீதும் வந்து உட்கார்ந்து கொண்டதற்கு இது ஒரு உதாரணம்.

5,000 ரூபாய் சிறிது சிறிதாக உயர்ந்து 2024ஆம் வருஷத்தில் 12,500 ரூபாய் ஆயிற்று. பன்னிரண்டு வருஷத்தில் 7,500 ரூபாய் உயர்வு. எடுத்தபோது முப்பது வயதில் இருந்தவர் நாற்பதைத் தாண்டிவிட்டார். வேறு உத்தியோகத்துக்கு வயது போய்விட்டது. வாரத்தில் மூன்று அரைநாள் என்பது காகிதத்தில்தான். விளையாட்டு விழா, கண்காட்சி, பரீட்சை மேற்பார்வை, கம்ப்யூட்டரில் பிள்ளைகளின் விவரம் ஏற்றுவது எல்லாம் அந்த அரை நாளுக்குள் அடங்குமா என்பதைப் பள்ளிக்கூடத்துப் பக்கம் போயிருக்கிற எவரும் சொல்லுவார்கள். இவ்வளவும் போதாதென்று பல வருஷங்களாக இவர்களுக்கு மே மாதத்தில் சம்பளமே கிடையாது. பள்ளிக்கூடம் மூடியிருக்கிறதாம். பள்ளிக்கூடத்துக்கு லீவு விடலாம். வயிற்றுக்கு லீவு விடும் வித்தையை எந்த இலாகா கண்டுபிடித்தது என்று தெரியவில்லை.

இந்தக் கோடை லீவுத் தந்திரம் புதியதல்ல என்பதை வாசகர்கள் கவனிக்க வேண்டும். ஹரியானா சர்க்கார் முற்காலத்திலேயே இதைச் செய்து பார்த்தார்கள். பள்ளிக்கூடம் திறந்தவுடன் தற்காலிகமாக உபாத்தியாயர்களை எடுப்பது, கோடை லீவுக்கு முன்னால் வீட்டுக்கு அனுப்பிவிடுவது, லீவு முடிந்ததும் மறுபடி எடுப்பது. லீவுச் சம்பளமும் இல்லை. பிரசவ லீவும் இல்லை. வியாதி லீவும் இல்லை. 1985ஆம் வருஷம் ரத்தன் லால் என்பவருடைய வழக்கில் சுப்ரீம் கோர்ட் இதைக் கண்டித்து, உத்தியோகத்தில் இருக்கும்வரை அவர்களுக்குக் கோடை லீவுக்கும் சம்பளம் கொடுக்க வேண்டும், காலியான ஸ்தானங்களை முறைப்படி நிரப்ப வேண்டும் என்று தீர்ப்புச் சொல்லிற்று. இத்தீர்ப்பு வந்து 27 வருஷம் கழித்துத்தான் நம்முடைய 16,549 பேர் எடுக்கப்பட்டார்கள். ஹரியானாவில் செல்லாத தந்திரம் ஓசூரைத் தாண்டினால் செல்லும் என்று நினைத்தார்களோ என்னவோ.

சம்பளத்தின் அளவைப் பற்றி இன்னொரு கணக்கும் சொல்லுகிறோம். 2022ஆம் வருஷம் காலியாயிருந்த 13,331 ஸ்தானங்களைப் பள்ளி மேலாண்மைக் குழுக்கள் மூலமாகத் தற்காலிகமாக நிரப்புவதென்று சர்க்கார் முடிவு செய்தார்கள். அது ஐகோர்ட்டுக்கும் போயிற்று. இடைநிலை ஆசிரியருக்கு 7,500, பட்டதாரிக்கு 10,000, முதுகலைப் பட்டம் பெற்றவருக்கு 12,000 என்று சம்பளம் கட்டினார்கள். நிரந்தர இடைநிலை ஆசிரியரின் ஸ்கேல் அப்போது 20,600 ரூபாயில் ஆரம்பம். பஞ்சப்படி முதலியவை வேறு. 7,500 ரூபாயை மாதம் 26 வேலை நாளுக்குப் பங்கிட்டால் நாள் ஒன்றுக்கு 288 ரூபாய் ஆகிறது. அதே வருஷத்தில் நூறு நாள் வேலைத் திட்டத்தில் தமிழ்நாட்டுக்கு நிர்ணயித்த கூலி 281 ரூபாய். இதைச் சொல்லுவதால் ஏரி வெட்டும் தோழரின் கூலி அதிகம் என்று நாம் சொல்லுவதாக யாரும் அர்த்தம் செய்துகொள்ள வேண்டாம். அவருடைய கூலியும் போதாது என்பதே நம் அபிப்பிராயம். ஏரி வெட்டுகிறவர் தன் மகளை ஆசிரியர் பயிற்சிக்கு அனுப்ப வாங்கின கடனுக்கு, அவள் படித்து முடித்தபின் கிடைத்த வித்தியாசம் ஒரு நாளைக்கு 7 ரூபாய் என்பதைத்தான் சொல்லுகிறோம்.

இனி உரிமை என்ன இருக்கிறது என்பதைப் பார்ப்போம். இதில் பலரும் இரண்டு விஷயங்களைப் போட்டுக் குழப்பிக் கொள்ளுகிறார்கள். நிரந்தரக்காரருக்குச் சமமான சம்பளம் கேட்பது ஒன்று. நிரந்தரமாக்கும்படி கேட்பது வேறொன்று. இரண்டுக்கும் சட்டத்தில் வழி வெவ்வேறு. முதலாவது வழி அகலமானது, இரண்டாவது குறுகலானது. ஒன்று கிடைக்கவில்லை என்பதற்காக மற்றொன்றையும் கைவிடுவதும், இரண்டாவதைக் கேட்டுக் கொண்டு முதலாவதைக் கேளாமலே இருந்து விடுவதும் தப்பு.

சம வேலைக்குச் சம சம்பளம் என்பது அரசியல் சட்டத்தின் 39ஆவது பிரிவில் சர்க்காருக்குச் சொல்லப்பட்ட வழிகாட்டுதலாக இருக்கிறது. வழிகாட்டுதலை வைத்துக் கோர்ட்டுக்குப் போக முடியாது என்று வெகுகாலம் சொல்லி வந்தார்கள். 1982இல் ரண்தீர் சிங் என்னும் ஒரு போலீஸ் டிரைவரின் வழக்கில், 14, 16ஆவது பிரிவுகளோடு சேர்த்துப் படித்தால் அது கேட்டுப் பெறக்கூடிய உரிமைதான் என்று சுப்ரீம் கோர்ட் சொல்லிற்று. பிறகு 2016ஆம் வருஷம் அக்டோபர் 26ஆம் தேதி பஞ்சாப் சர்க்காருக்கும் ஜக்ஜித் சிங் முதலானவர்களுக்கும் நடந்த வழக்கில் விஷயம் வெட்ட வெளிச்சமாயிற்று. தினக்கூலி, தற்காலிகம், ஒப்பந்தம் என்று எந்தப் பெயரால் எடுக்கப்பட்டிருந்தாலும், நிரந்தரக்காரர் செய்யும் அதே வேலையை, அதே பொறுப்போடு செய்கிறவருக்கு அந்த ஸ்கேலின் ஆரம்பச் சம்பளம் கொடுத்தாக வேண்டும் என்பது தீர்ப்பு. அதில் நீதிபதிகள் சொன்ன ஒரு காரணத்தை நம் தோழர்கள் ஒவ்வொருவரும் மனதில் பதித்துக்கொள்ள வேண்டும். குறைந்த கூலிக்கு ஒருவன் இஷ்டப்பட்டு வருவதில்லை. பெண்டு பிள்ளைகளுக்குச் சோறும் இருக்க இடமும் வேண்டியிருப்பதால், தன் சுயமரியாதையை விலையாகக் கொடுத்துவிட்டு வருகிறான் என்று அவர்கள் எழுதினார்கள். சுயமரியாதை என்ற அந்தச் சொல்லையே போட்டார்கள். ஆகவே ‘சம்மதித்துத்தானே கையெழுத்துப் போட்டாய்’ என்று கேட்கும் அதிகாரிக்கு இனிப் பதில் தேடி அலைய வேண்டியதில்லை.

ஆனால் இதிலும் வில்லங்கம் இல்லாமல் இல்லை. வேலை ஒன்றேதான் என்று காட்டும் பாரம் கேட்கிறவர் தலையில் இருக்கிறது. வாரத்தில் மூன்று அரைநாள் என்று உத்தரவில் எழுதப்பட்டவர் முழுச் சம்பளம் கேட்டால், நீர் முழு நேரம் உழைத்தீரா என்று கோர்ட் கேட்கும். அப்போது வாய்ப்பேச்சு உதவாது. வருகைப் பதிவேடும் பாடவேளை அட்டவணையும்தான் பேச வேண்டும். அன்றியும் எல்லாத் தீர்ப்பும் நமக்குச் சாதகமாகவே வந்துவிடவில்லை. பீகாரில் சுமார் மூன்றரை லட்சம் ‘நியோஜித்’ உபாத்தியாயர்களுக்குச் சம சம்பளம் தர வேண்டும் என்று 2017இல் பாட்னா ஐகோர்ட் சொன்னதை, 2019ஆம் வருஷம் மே மாதம் சுப்ரீம் கோர்ட் தள்ளிவிட்டது. பஞ்சாயத்துகள் மூலம் எடுக்கப்பட்ட அவர்கள் வேறு வகுப்பு என்றும், சர்க்காரின் பணச் சுமையையும் பார்க்க வேண்டும் என்றும் சொல்லப்பட்டது. இந்தக் காரணம் நமக்குச் சம்மதமில்லை. கரும்பலகைக்கு முன்னால் நிற்கும்போது பஞ்சாயத்து வாத்தியார் ஒரு கணக்கையும் சர்க்கார் வாத்தியார் வேறொரு கணக்கையுமா போடுகிறார்கள்? ஆயினும் தீர்ப்பு தீர்ப்புதான் என்பதை மறைத்து, கேட்டால் கிடைத்துவிடும் என்று ஆசை காட்டி வக்கீல் பீஸ் வசூலிக்கும் கூட்டத்தில் நாம் சேர மாட்டோம். கோர்ட்டில் தோற்ற அந்தப் பீகார் உபாத்தியாயர்கள் வீட்டுக்குப் போய்ப் படுத்துக் கொள்ளவில்லை என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். 2023ஆம் வருஷம் அந்த சர்க்காரே புதிய விதி செய்து, ஒரு தகுதிப் பரீட்சையில் தேறுகிறவர்களைச் சர்க்கார் ஊழியராக ஏற்றுக்கொள்ள வேண்டி வந்தது.

நிரந்தரமாக்கும் விஷயத்துக்கு வந்தால், எல்லாரும் எடுத்துக்காட்டுவது 2006ஆம் வருஷம் ஏப்ரல் 10ஆம் தேதி ஐந்து நீதிபதிகள் கொடுத்த உமாதேவி தீர்ப்பு. அது கர்நாடகத்திலிருந்து போன வழக்கு. விளம்பரம் இல்லாமல், போட்டி இல்லாமல் கொல்லைப்புற வழியாக உள்ளே நுழைந்தவர், எத்தனை வருஷம் இருந்தேன் என்று சொல்லி நிரந்தரம் கேட்க முடியாது என்பது அதன் சாரம். ஆனால் ஒரு விலக்கும் அதில் உண்டு. அனுமதிக்கப்பட்ட ஸ்தானத்தில், உரிய யோக்கியதையோடு, கோர்ட் உத்தரவின் தயவு இல்லாமல் பத்து வருஷமோ அதற்கு மேலோ வேலை பார்த்தவர்களுடைய நியமனத்தில் முறைக்குறைவு மட்டும் இருக்குமானால், அவர்களை ஒரு தடவை நிரந்தரமாக்க சர்க்கார்கள் ஆறு மாதத்துக்குள் ஏற்பாடு துவக்க வேண்டும் என்று சொல்லப்பட்டது. சர்க்கார்கள் என்ன செய்தார்கள்? தீர்ப்பின் முதல் பாதியைப் பெரிய எழுத்தில் சட்டம் போட்டு ஆபீசில் மாட்டிக் கொண்டார்கள். இரண்டாவது பாதியைப் பீரோவுக்குள் வைத்துப் பூட்டினார்கள்.

உமாதேவி தீர்ப்பை முழுவதும் தப்பு என்று நாம் சொல்லத் தயாராயில்லை. இதைப் படிக்கும் தற்காலிக உபாத்தியாயர்கள் சிலருக்குக் கோபம் வந்தாலும் வரட்டும். கொல்லைப்புற நியமனம் என்பது யாருக்கு அனுகூலமாய் இருந்து வந்திருக்கிறது? தலைமை ஆசிரியருக்கு வேண்டியவர், கமிட்டித் தலைவரின் மைத்துனர், ஆளுங்கட்சிக்காரர் வீட்டுப் பிள்ளை, இவர்களுக்குத்தானே? எம்ப்ளாய்மெண்ட் ஆபீசில் பதிந்துவிட்டுப் பதினைந்து வருஷமாய்த் தபால்காரரை எதிர்பார்த்துக் கொண்டிருக்கும் தாழ்த்தப்பட்ட வகுப்புப் பெண்ணுக்கு அந்தக் கொல்லைப்புறக் கதவு எங்கே இருக்கிறது என்பதே தெரியாது. வகுப்புவாரி உரிமைக்காக இந்த நாட்டில் எவ்வளவு பாடுபட வேண்டியிருந்தது என்பதை அறிந்தவர்கள், பகிரங்க விளம்பரமும் இடஒதுக்கீடும் இல்லாத நியமனத்தைக் கண்ணை மூடிக்கொண்டு ஆதரிக்க முடியாது. ஆகையால் நாம் கேட்பது, ஸ்தானம் காலியான உடனே முறைப்படி, ஒதுக்கீட்டு விதிப்படி ஆள் எடு என்பதுதான். அப்படி எடுக்காமல் பத்து வருஷம் காலத்தைக் கடத்தியது சர்க்காரின் குற்றம். அந்தக் குற்றத்துக்கு அபராதம் மட்டும் வாத்தியார் கட்ட வேண்டும் என்பது எந்த ஊர் நியாயம்? இவ்வளவு காலம் உழைத்தவருக்குப் பரீட்சையில் சலுகை மார்க்கும், வயது வரம்பில் தளர்வும் கொடுப்பதால் வெளியில் நிற்கும் அந்தப் பெண்ணுக்கு அநியாயம் ஒன்றும் நேர்ந்துவிடாது.

முறையைப் பார்க்காமல் சர்க்கார் காட்டும் தயவு எவ்வளவு தூரம் நிலைக்கும் என்பதற்கு உத்தரப் பிரதேசத்தைப் பார்த்தால் போதும். 1999ஆம் வருஷத் திட்டப்படி மாதம் 1,450 ரூபாய்க்கு எடுக்கப்பட்ட அந்தக் கல்விச் சிநேகிதர்களை, 2014இல் அங்குள்ள சர்க்கார் ஆசிரியர்களாக நிரந்தரமாக்க ஆரம்பித்தார்கள். ஆனால் சட்டப்படி இருக்க வேண்டிய ஆசிரியர் தகுதிப் பரீட்சையை எழுத வைக்காமலே செய்தார்கள். 2015இல் அலகாபாத் ஐகோர்ட்டும் 2017ஆம் வருஷம் ஜூலை 25ஆம் தேதி சுப்ரீம் கோர்ட்டும் அதைச் செல்லாதென்று சொல்லிவிட்டன. பாதிக்கப்பட்டவர்கள் சுமார் 1,78,000 பேர். பரீட்சை எழுதித் தேறினால் பழைய அனுபவத்துக்குச் சலுகை தரலாம் என்று மட்டும் கோர்ட் வழி விட்டது. கைக்கு வந்த ஸ்கேல் சம்பளம் போய், மாதம் 10,000 ரூபாய்க்கு இறங்கினார்கள். வாக்குக் கொடுத்த மந்திரிகளுக்கு அதனால் ஒரு ரூபாய் நஷ்டமுண்டா?

இதற்கு மாறாக நம் தமிழ்நாட்டிலேயே ஒரு நல்ல உதாரணம் இருக்கிறது. 2003ஆம் வருஷத்துக்குப் பிறகு ஆசிரியர்களைத் தொகுப்பூதியத்தில் எடுத்தார்கள்; இடைநிலைக்கு 3,000, பட்டதாரிக்கு 4,000, முதுகலைக்கு 4,500. அவர்கள் முறைப்படி தேர்ந்தெடுக்கப்பட்டவர்களாதலால், 2006ஆம் வருஷம் ஜூன் 1ஆம் தேதி முதல் ஸ்கேல் சம்பளத்துக்குக் கொண்டுவந்தபோது எந்தக் கோர்ட்டும் குறுக்கே நிற்கவில்லை. உமாதேவி தீர்ப்பு வந்து இரண்டு மாதம்கூட ஆகவில்லை. பணமில்லை என்று சொன்ன கஜானாவில் பணமும் இருந்தது.

சமீப காலத்தில் சுப்ரீம் கோர்ட்டின் காற்றும் சற்றுத் திரும்பியிருக்கிறது. 2024ஆம் வருஷம் டிசம்பர் 20ஆம் தேதி, மத்திய நீர்க் கமிஷன் ஆபீசைப் பெருக்கிக் கழுவி வந்த ஜக்கோ முதலிய பெண்களும், அங்கு தோட்ட வேலை செய்தவரும் தொடுத்த வழக்கில், உமாதேவி தீர்ப்பைச் சர்க்கார்கள் ஏழைகளின் மேல் ஓங்கும் ஆயுதமாகச் செய்துகொண்டு விட்டார்கள் என்று கண்டித்து, அவர்களை நிரந்தரமாக்கச் சொல்லிற்று. 2025ஆம் வருஷம் ஆகஸ்டு 19ஆம் தேதி, உத்தரப் பிரதேச உயர்கல்வித் தேர்வுக் கமிஷனின் கடைநிலை ஊழியர்கள் வழக்கில், பணமில்லை என்று சொல்லிவிட்டால் எல்லாம் தீர்ந்துவிடாது, கீழே கிடக்கிறவன் முதுகின் மேல் சர்க்கார் வரவு செலவைச் சமன் செய்யக் கூடாது என்ற கருத்தை வெளியிட்டது. ஆசிரியர் உரிமைக்குப் பாதை வெட்டியவர்கள் இந்தப் பெருக்குகிற பெண்களும் கடைநிலை ஊழியர்களும்தான். படித்த உபாத்தியாயர்கள் தங்கள் பள்ளிக்கூடத்தில் துடைப்பம் பிடிக்கும் அம்மாளைப் பார்க்கும்போது இதை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுவார்களாக.

இன்னொரு வேடிக்கையும் உண்டு. கோவாவைச் சேர்ந்த ஒரு பெண் ஆசிரியரின் வழக்கில் 1988ஆம் வருஷம் சுப்ரீம் கோர்ட், ஆசிரியர் தொழில் தகராறுச் சட்டப்படி ‘தொழிலாளி’ ஆகமாட்டார், அவர் செய்வது உயர்ந்த திருப்பணி என்று சொல்லிற்று. அதன் பலன் என்ன? லேபர் கோர்ட் கதவு அவருக்கு மூடிக்கொண்டது. திருப்பணி என்று பட்டம் சூட்டியதில் சம்பளமும் கூடவில்லை, இருந்த ஒரு வாசலும் அடைபட்டுப் போயிற்று. ஆகையால் சர்க்கார் பள்ளித் தற்காலிக உபாத்தியாயர் 226ஆவது பிரிவின்படி நேரே ஐகோர்ட்டுக்குத்தான் போக வேண்டியிருக்கிறது.

போகிறவர்களுக்குச் சில வார்த்தை. நியமன உத்தரவு, அதற்கு முன் வந்த விளம்பரம், வருஷா வருஷம் நீடித்துக் கொடுத்த கடிதம், பாடவேளை அட்டவணை, வருகைப் பதிவேட்டின் நகல் ஆகியவற்றை இன்றே சேர்த்து வையுங்கள். உங்கள் ஸ்தானம் அனுமதிக்கப்பட்ட ஸ்தானமா என்பதைத் தகவல் உரிமைச் சட்டப்படி மனுப்போட்டு எழுத்தில் வாங்குங்கள். நிரந்தரமாக்கும் வழக்கில் பாதி ஜயாபஜயம் அந்த ஒரு காகிதத்தில் இருக்கிறது. ‘பிற்காலத்தில் எந்த உரிமையும் கோரமாட்டேன்’ என்று எழுதி வாங்கியிருந்தால் அதற்காக நடுங்க வேண்டாம். மேலே சொன்ன 2016ஆம் வருஷத் தீர்ப்பு அதற்கு மருந்து. உங்களை நீக்கிவிட்டு அதே இடத்தில் வேறொரு தற்காலிகக்காரரைக் கொண்டுவந்தால் சும்மா இருக்க வேண்டாம். தற்காலிகக்காரருக்குப் பதில் முறைப்படி எடுக்கப்பட்டவர்தான் வரலாமே தவிர மற்றொரு தற்காலிகக்காரர் வரக் கூடாது என்று 1992இலேயே பியாரா சிங் வழக்கில் சொல்லியாகி விட்டது. ஒப்பந்தக் காலம் முடிந்துபோனாலும் பிரசவ உதவி முழுவதையும் கொடுத்தாக வேண்டும் என்று 2023இல் ஒரு டாக்டரம்மாள் வழக்கில் தீர்ப்பு இருக்கிறது. பாக்கிச் சம்பளம் சாதாரணமாக வழக்குப் போட்ட தேதிக்கு முன் மூன்று வருஷத்துக்குத்தான் கிடைக்கும். ஆதலால் தாமதிக்கும் ஒவ்வொரு மாதமும் ஒரு மாதப் பாக்கி கையை விட்டுப் போகிறது. பெண்களுக்கும், தாழ்த்தப்பட்ட, பழங்குடி வகுப்பினருக்கும் வருமானம் பார்க்காமலே இலவச வக்கீல் உதவி கொடுக்க 1987ஆம் வருஷத்துச் சட்டத்தில் இடமிருக்கிறது. இதை ஊரில் பலர் அறியார். முக்கியமாக, தனியாகப் போகாதீர்கள். பத்துப் பேர் சேர்ந்து போனால் செலவு பத்தில் ஒரு பங்கு. தலைமை ஆசிரியரின் முறைப்பும் பத்தில் ஒரு பங்கு.

கிராமத்துத் தோழர்கள், இது வாத்தியார்கள் பாடு, நமக்கென்ன என்று இருந்துவிடக் கூடாது. உங்கள் பிள்ளை ஜூன் மாதம் ஒருவரிடமும் ஜனவரி மாதம் இன்னொருவரிடமும் கணக்குப் படித்தால் அவன் தலையில் என்ன ஏறும்? மாலையில் டியூஷனுக்கும், ஞாயிற்றுக்கிழமை ஜவுளிக் கடைக்கும் ஓடினால்தான் அடுப்பு எரியும் என்ற நிலையில் இருக்கிறவர் உங்கள் பிள்ளையின் நோட்டை எப்போது திருத்துவார்? பணக்காரன் வீட்டுப் பிள்ளை கார் ஏறி வேறு பள்ளிக்கூடத்துக்குப் போய்விட்டது. தற்காலிக வாத்தியார் முன்னால் உட்கார்ந்திருப்பதெல்லாம் உங்கள் பிள்ளைதான். கட்டாயக் கல்விச் சட்டத்தின் 26ஆவது பிரிவில், எந்தப் பள்ளிக்கூடத்திலும் அனுமதிக்கப்பட்ட ஆசிரியர் தொகையில் நூற்றுக்குப் பத்துக்கு மேல் காலியாக விடக்கூடாது என்று எழுதியிருக்கிறது. பத்து வாத்தியார் இருக்க வேண்டிய இடத்தில் இரண்டு ஸ்தானம் காலியாயிருந்தால் சட்டம் மீறப்பட்டிருக்கிறது என்று அர்த்தம். இதைக் கேட்க வக்கீல் வேண்டியதில்லை.

நம் ஊர்களில் கிராம சபை கூடும் நாட்களில் மே 1ஆம் தேதியும் ஒன்று. பள்ளிக்கூடத்தில் எத்தனை ஸ்தானம், அதில் எத்தனை காலி, எத்தனை பேர் தற்காலிகம், அவர்களுக்கு மே மாதச் சம்பளம் உண்டா என்ற நான்கு கேள்வியை ஒரு காகிதத்தில் எழுதிக் கையெழுத்துப் போட்டு அந்தச் சபையில் கொடுத்து, தீர்மானப் புத்தகத்தில் ஏற்றச் சொல்லுங்கள். ஏற்ற மறுத்தால் மறுத்ததையும் எழுதி வாங்கிக் கொள்ளுங்கள்.